டோரிக்கில் நான் கேட்ட கேள்வி

கதவைத் தாண்ட இன்னும் ஒரு சாண் தூரமே இருந்தது. அந்த இடத்தில் அலெக் என்ற அந்த முதியவர் தம் சக்கரக் கதிரையின் வளையங்களை இரு கைகளாலும் இறுகப் பற்றினார். கதிரை நின்றது.

எவரும் அவரைத் தள்ளவில்லை. எவரும் குரல் உயர்த்தவில்லை. அவருக்குப் பின்னால் நின்ற பராமரிப்பாளர் சுகந்தி, குனிந்து, முகம் மலரப் பிரெஞ்சில் ஒன்று கேட்டிருந்தார். “இன்று நாம் எங்கே போகிறோம், மிஸ்யூ அலெக்?” அவ்வளவே.

அலெக் கதிரையைத் திருப்பிக் கட்டிலருகே சென்றார். தொப்பியைக் கழற்றி மடியில் வைத்தார். மேலங்கியின் பொத்தான்களை மேலிருந்து கீழாக ஒவ்வொன்றாய் அவிழ்த்தார். மேசையிலிருந்த குவளையை எடுத்து ஒரு மிடறு தண்ணீர் குடித்தார். சற்று நேரம் கண்களை மூடியிருந்தார். பின்னர் பொத்தான்களைப் பூட்டி, தொப்பியை அணிந்து, அப்போதுதான் விடிந்தது போன்ற முகத்தோடு மீண்டும் கதவை நோக்கி வந்தார்.

சுகந்தி மீண்டும் குனிந்தார். மீண்டும் அதே கேள்வி. அலெக் மீண்டும் திரும்பினார்.

மூன்று முறை இது நடந்தது. மூன்றாம் முறையும் ஒரு பொத்தானைக்கூட அவர் தவறவிடவில்லை. கீழே உருகும் பனியில் காத்து நின்ற வாகனம் இரண்டு முறை ஒலி எழுப்பிவிட்டுப் போய்விட்டது.

சிறுநீரகங்கள் இயங்காத அம்மனிதரை இரத்தச் சுத்திகரிப்புக்கு அழைத்துச் செல்லவே அந்த வாகனம் வந்திருந்தது. வாரத்தில் மூன்று நாள் அது நடந்தாக வேண்டும். திங்கட்கிழமை தவறிவிட்டது. அன்று புதன். “வெள்ளிக்கிழமையும் போகாவிட்டால்...” என்று தொடங்கிய அவருடைய மகள் ஐலீன், வாக்கியத்தை முடிக்கவில்லை.

ஒவ்வொரு முறையும் திரும்பும்போது அலெக் ஒரே வார்த்தைகளைத் தாழ்ந்த குரலில் சொன்னார். “எங்கே போகிறாய் என்று கேட்டுவிட்டாள். இனி இப்படியே போக முடியாது. இந்த நாளை முதலிலிருந்து தொடங்க வேண்டும்.” அறையிலிருந்த ஐலீனுக்கும் தாதிக்கும் சுகந்திக்கும் அது வெறும் ஓசை. எனக்கு ஒவ்வொரு சொல்லும் விளங்கியது. அதை மொழிபெயர்ப்பதற்கென்றே நான் வரவழைக்கப்பட்டிருந்தேன்.

என்னை அழைத்த தொலைபேசி

சென்ற பனிக்காலம் முடியும் தறுவாயில் இது நடந்தது. சுகந்தியை நான் அதற்கு முன் அறியேன். நாற்பத்தைந்து வயது மதிக்கத்தக்க மட்டக்களப்புப் பெண்மணி. மொன்றியலின் சென்ட் லோரன்ட்டில் உள்ள ஒரு முதியோர் இல்லத்தில் பணிபுரிபவர். செவ்வாய்க்கிழமை மதியம், ஆற்றுக்கு இப்பால் லொங்குய்யில் என் வீட்டுத் தொலைபேசி ஒலித்தது.

“சேர், நான் சுகந்தி. நீங்க லைப்ரரியில ஸ்கொட்லாந்துப் பாசையப் பத்திப் பேசக்குள்ள முன்வரிசையில இருந்தன்.”

“நினைவில்லை. சொல்லுங்கள்.”

“எங்கட இல்லத்தில ஒரு ஸ்கொட்லாந்து ஐயா இருக்கார். பக்கவாதம் வந்ததோட இங்கிலீசும் போயிற்று, பிரெஞ்சும் வாயில வராது. மறுகா வேற என்னவோ ஒண்டுதான் கதைக்கார். பெத்த மகளுக்கே விளங்குதில்ல. நீங்க அண்டைக்குச் சொன்னீங்களே, ‘ஃபிட், ஃபிட்’ எண்டு, அந்த மாதிரித்தான் கிடக்கு.”

என் உரையை ஒருவர் இத்தனை கவனமாகக் கேட்டிருக்கிறார் என்பது எனக்கு உவப்பளித்தது. இதை மறைப்பதில் பயனில்லை. மறுநாள் காலை கழுத்துப்பட்டி அணிந்து புறப்பட்டேன்.

அந்த மொழி

இத்தொடரின் ஐந்தாம் அத்தியாயத்தை வாசித்தவர்கள் பொறுத்தருள்க. புதிதாக வருபவர்களுக்காகச் சிலவற்றைத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கிறது.

ஸ்கொட்லாந்தின் வடகிழக்கில், அபர்டீன் நகரைச் சுற்றிய ஊர்களில் வழங்கும் ஸ்கொட்ஸ் கிளைமொழிக்கு டோரிக் என்று பெயர். ஸ்கொட்ஸ் ஆங்கிலத்தின் சிதைவு அன்று, அதன் உடன்பிறப்பு. ஆங்கிலேயர் ‘வட்’ என்று கேட்கும் இடத்தில் டோரிக் பேசுவோர் ‘ஃபிட்’ என்பர். ‘வேர்’ என்பது அவர்களுக்கு ‘ஃபார்’. சிறுவன் ‘லூன்’, சிறுமி ‘க்வைன்’. அக்கரையோரத்தில் ஊருக்கு ஊர் ஓசை மாறும். மூன்று கல் தொலைவில் பிறந்தவனை அவன் வாய் திறந்த உடனேயே இனங்கண்டுவிடுவார்கள். ‘பிறகு’ என்பதற்கு மட்டக்களப்பார் சொல்லும் ‘மறுகா’வையும் யாழ்ப்பாணத்தார் சொல்லும் ‘பேந்து’வையும் அறிந்த நமக்கு இதில் வியப்பொன்றுமில்லை.

அறுபதுகளின் நடுப்பகுதியில், மீன்வளம் பற்றிய மேற்படிப்புக்காகத் திருகோணமலையிலிருந்து அங்கே சென்றேன். கரையோரச் சிற்றூர் ஒன்றில் ஜெஸ்ஸி என்ற பெண்மணியின் வீட்டில் அறை எடுத்துத் தங்கினேன். ஊரின் பெயரை ஐந்தாம் அத்தியாயத்திலும் எழுதவில்லை, இப்போதும் எழுதமாட்டேன். ஜெஸ்ஸியின் தம்பி வில்லி, சிறு படகில் தனியாகச் சென்று நண்டுக் கூடைகள் இடுபவன். என்னை ஒத்த வயது. அக்கரையில் பாதிப் பேருக்கு வில்லி என்றுதான் பெயர்.

முதல் ஆறு மாதம் அவர்கள் பேசியது எனக்கு விளங்கவில்லை. அடுத்த ஆறு மாதத்தில் குறிப்பேடு நிரம்பியது. படகில் சாமன் மீனைப் பெயர் சொல்லி அழைக்கலாகாது. ‘சிவப்பு மீன்’ என்றே சொல்ல வேண்டும். போதகர் ‘கறுப்பு அங்கிக்காரர்’. வாய் தவறினால் உடனே இரும்பைத் தொட்டு, ‘குளிர்ந்த இரும்பு’ என்று உரக்கச் சொல்ல வேண்டும். இவற்றையெல்லாம் இலக்கமிட்டு எழுதி வைத்தேன். இரண்டாம் ஆண்டில் நான் டோரிக்கில் வாய் திறந்தால் ஜெஸ்ஸி கையிலிருந்த கரண்டியை வைத்துவிட்டுச் சிரிப்பார். வில்லி என் தோளில் அறைந்து, “எங்கள் லூன்!” என்று துறைமுகத்தில் எல்லாரிடமும் காட்டுவான்.

ஊரை விட்டு நான் புறப்பட்ட நாளில் அவ்வூர் மீனவர் அனைவரும் இரயில் நிலையத்துக்கு வந்து வழியனுப்பினர் என்று ஐந்தாம் அத்தியாயத்தில் எழுதியிருந்தேன். அதைப் பாராட்டிப் பல கடிதங்கள் வந்தன.

“ஐயா”

புதன்கிழமைக்குத் திரும்புகிறேன்.

வாகனம் போன பிறகு ஐலீன் என்னிடம் கேட்டார்: “என் தந்தை என்ன சொல்கிறார்?”

அப்போதே சொல்லியிருந்தால் இந்த அத்தியாயத்தை எழுத வேண்டிய தேவையே இருந்திராது. ஆனால் அறையில் மூவர் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தனர். மொழிபெயர்ப்பதற்கு முன், இந்த மொழியை நான் பேசவும் வல்லவன் என்று காட்ட விரும்பினேன். அலெக்கின் அருகே சென்று, என்னைப் பெயர் சொல்லி அறிமுகப்படுத்திக்கொண்டு, டோரிக்கில் நலம் விசாரித்தேன். அறுபது ஆண்டு கழித்தும் உச்சரிப்பு பிசகவில்லை. அலெக்கின் பேச்சிலிருந்த ஓசை, நான் குடியிருந்த அதே ஊரின் ஓசை. ஆகவே நானும் அவ்வூர் ஓசையிலேயே பேசினேன்.

அவர் என்னை நெடுநேரம் பார்த்தார். அவருடைய கண்கள் வெளிர்நீலம், இமைகள் அசையவில்லை. முகத்திலிருந்த குழப்பம் மெல்ல விலகியது. பக்கவாதத்தில் இழுத்திருந்த வாய் நேரானது போலவும் எனக்குத் தோன்றியது.

பிறகு அவர் ஆங்கிலத்தில் பேசினார். பள்ளிப் புத்தகத்து ஆங்கிலம். ஒவ்வொரு சொல்லும் தனித்தனியாகக் கழுவி எடுத்தது போலத் தெளிவாக இருந்தது.

“உங்களுக்கு இங்கே வசதியாக இருக்கிறதென்று நம்புகிறேன், ஐயா.”

ஐலீன் வாயைப் பொத்திக்கொண்டார். தாதி எழுதுவதை நிறுத்தினார். சுகந்தி கை தட்டியேவிட்டார். “சேர், இங்கிலீஸ்! நாலு மாசத்துக்குப் பிறகு இங்கிலீஸ்!”

நான் கட்டிலின் இரும்புச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டேன். அந்த வாக்கியத்தை நான் முன்னரே கேட்டிருக்கிறேன். அதே சொற்கள், அதே ஒழுங்கு, இறுதியில் அதே “ஐயா”. அறுபது ஆண்டுகளுக்கு முன் ஒரு காலை உணவு மேசையில்.

அலெக் அதன்பின் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். ஐலீன் என் கையைப் பற்றினார்.

“முன்பு அவர் என்ன சொன்னார்? அவர் சாக விரும்புகிறாரா? அதை மட்டும் சொல்லுங்கள். அவர் வேண்டாம் என்றால் வலுக்கட்டாயமாகக் கொண்டுபோக முடியாது என்கிறார் டொக்டர். முடிவெடுக்க வேண்டியவள் நான்.”

நான் சொன்ன பதிலைச் சொல் மாறாமல் தருகிறேன். “சொற்கள் டோரிக்தான், அம்மணி. ஆனால் ஒன்றோடொன்று பொருந்தவில்லை. பொருளற்ற பேச்சு. அவருக்குப் போக விருப்பமில்லை என்பது மட்டும் தெரிகிறது.”

தாதி அதை எழுதிக்கொண்டார். ஐலீன் எனக்கு நன்றி சொன்னார்.

நான் எழுதாமல் விட்டது

இனி, ஐந்தாம் அத்தியாயத்தில் எழுதாததை எழுத வேண்டும்.

இரண்டாம் ஆண்டு இலையுதிர்காலத்தில் ஒரு காலை, துறைமுகத்தில் நின்றிருந்தேன். கற்படிகளில் கடற்பாசியும் டீசலும் கலந்து மணத்தன. வில்லி இரைக்கூடையைத் தோளில் சுமந்து இறங்கி வந்தான். பக்கத்தில் நான்கைந்து பேர் தம் படகுகளை ஆயத்தம் செய்துகொண்டிருந்தனர். அவர்கள் முன்னிலையில், வாரக்கணக்கில் பழகிய உயிரோசைகளை ஒரே வாக்கியத்தில் காட்டிவிட வேண்டும் என்ற ஆசை எனக்கு. “ஃபார் ஆர் யி கான், வில்லி?” என்று கேட்டேன். எங்கே போகிறாய், வில்லி?

உச்சரிப்பில் குறையே இல்லை. அதுதான் கேடு. ஆங்கிலத்தில் கேட்டிருந்தால், அந்நியன் அறியாமல் கேட்டான் என்று காதில் போட்டுக்கொள்ளாமல் விட்டிருப்பார்கள். நான் அவர்களுள் ஒருவனாகக் கேட்டேன். ஆகவே அது செல்லுபடியாயிற்று.

கடலுக்குப் புறப்பட்டவனிடம் எங்கே என்று கேட்பது அக்கரையில் ஆகாத காரியம். கேட்கப்பட்டவன் வீடு திரும்பி, அந்த நாளைப் புதிதாகத் தொடங்க வேண்டும். என் குறிப்பேட்டில் அது இல்லை. அதை ஒருவருக்குச் சொல்லித்தர வேண்டும் என்று அவர்களுக்குத் தோன்றியிருக்காது. எனக்குச் சொல்லித்தர வேண்டியதும் இல்லை. திருகோணமலையில் என் தாயார் வெளியே புறப்படும் தந்தையாரிடம் ஒருநாளும் “எங்கே” என்று கேட்டதில்லை. “தூரமோ?” என்பார். தமிழில் என் நாவு அந்தக் கேள்வியைக் கேட்டிராது. டோரிக்கில் அது எனக்கு ஒரு கேள்வியாகவே படவில்லை. பயிற்சி வாக்கியமாகப் பட்டது.

வில்லி கூடையை இறக்கி வைத்தான். என்னைப் பாராமல் என்னைக் கடந்து மேட்டில் ஏறி வீட்டுக்குப் போனான். ஜெஸ்ஸியின் அடுப்படியில் தொப்பியைக் கழற்றி, மேலங்கியை அவிழ்த்து, ஒரு கோப்பை தேநீர் குடித்தான். எல்லாவற்றையும் திரும்ப அணிந்துகொண்டு, ஒரு மணித்தியாலத்துக்கு மேல் தாமதித்துத் தனியாகப் புறப்பட்டான். மற்றப் படகுகள் எப்போதோ போய்விட்டன.

முற்பகலில் கடல்மூடுபனி வந்தது. முன்னே போனவர்கள் ஒருவருக்கொருவர் ஊதுகுழல் ஊதிக்கொண்டு கூட்டமாகக் கரை சேர்ந்தனர். வில்லிக்கு ஊத எவரும் அருகில் இல்லை. இரண்டு நாள் கழித்துப் படகு கிடைத்தது. அவன் கிடைக்கவில்லை.

மூடநம்பிக்கை எவரையும் கொல்வதில்லை என்று மாணவர்களிடம் பல ஆண்டுகள் சொல்லி வந்திருக்கிறேன். அது சரியே. வில்லியைக் கொன்றது அந்தத் தாமதம். தாமதத்தை உண்டாக்கியவன் நான்.

எவரும் என்னைக் குற்றஞ்சாட்டவில்லை. படகு கிடைத்த மறுநாள் காலை ஜெஸ்ஸி கஞ்சிக் கோப்பையை என் முன் வைத்து, ஆங்கிலத்தில் சொன்னார்: “உங்களுக்கு இங்கே வசதியாக இருக்கிறதென்று நம்புகிறேன், ஐயா.” அதற்கு முன் அவர் என்னை ஐயா என்று அழைத்ததில்லை. அன்றிலிருந்து ஊரில் ஒருவரும் என்னிடம் டோரிக் பேசவில்லை. கடைக்குள் நான் நுழைந்தால் பேச்சு நடுச்சொல்லில் நின்று, ஆங்கிலமாக மாறித் தொடரும். குழந்தைகள்கூட அப்படியே. அதன்பின் நான்கு மாதம் அங்கே இருந்தேன். நான் புறப்பட்ட நாளில் இரயில் நிலையத்தில் என் பெட்டியும் நானும் மட்டுமே இருந்தோம்.

சந்தையில்

வியாழக்கிழமை ஜான்-டலோன் சந்தைக்குச் சென்றேன். வீட்டில் இருப்புக் கொள்ளவில்லை. கத்தரிக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தபோது, பார்க் எக்ஸ்டென்ஷனில் வசிக்கும் ஓய்வுபெற்ற பொறியியலாளர் பாலா எதிர்ப்பட்டார். யாழ்ப்பாணத்தவர், வாய்த்துடுக்கு மிக்கவர்.

“சேர்! உங்கட அஞ்சாம் அத்தியாயத்தை மனிசிக்கு வாசிச்சுக் காட்டினனான். அந்த ஸ்டேசன் கட்டத்தில அழுதிட்டா.”

“மகிழ்ச்சி.”

“உண்மையா முழு ஊருமே வந்தது?”

“எழுதியிருக்கிறேனே.”

“ஓம், ஓம். உங்கட பெட்டி தூக்க ஸ்கொட்லாந்துக்காரன் எல்லாம் வந்திருக்கிறான். என்ர அறுபதாங் கலியாணத்துக்கு லொங்குய்யில இருந்து நீங்கள் ஒராள் வரேல்ல!”

சிரித்தேன். என் சட்டைப் பையில் கைத்தொலைபேசி அதிர்ந்தது. சுகந்தி.

“சேர், அவருக்கு மூச்சு வாங்குது. ரெண்டு காலும் வீங்கிற்று. மூக்கில ஒக்சிசன் போட்டிருக்கு. நாளைக்குக் காலையில டொக்டர் மகளோட பேசி முடிவெடுக்கப் போறாராம்.” குரலைத் தாழ்த்திக்கொண்டார். “சேர், குறை நினைக்கப்படா. அவர் சும்மா உளறிப் புசத்திற ஆள் மாதிரித் தெரியல்ல எனக்கு. மூண்டு தரமும் ஒரே பேச்சுத்தான் பேசினவர். புசத்தல் எண்டா மாறி மாறி வரும்தானே?”

“நான் சொன்னது சொன்னதுதான்,” என்றேன்.

“சரி சேர்,” என்று வைத்துவிட்டார்.

பாலா பக்கத்திலேயே நின்றிருந்தார். “ஆர் சேர்? ஏதும் பிரச்சினையோ?”

“ஒன்றுமில்லை. ஒரு மொழிபெயர்ப்பு விடயம்.”

“உங்களை விட்டால் ஆர் இருக்கினம்!” என்று அவர் என் கையைக் குலுக்கினார்.

கத்தரிக்காய்களை அங்கேயே விட்டுவிட்டு வந்தேன். இருபத்து நான்கு வயதில் அறியாமல் செய்தேன் என்று இத்தனை காலமும் எனக்கு நானே சொல்லி வந்தேன். எண்பத்து மூன்று வயதில் அறிந்தே செய்துகொண்டிருந்தேன்.

வெள்ளிக்கிழமை

விடிந்ததும் மஞ்சள் வழித்தட மெற்றோவில் ஆற்றின் அடியால் கடந்தேன். இல்லத்தின் சிறு கூட்ட அறையில் ஐலீன், டொக்டர், சுகந்தி மூவரும் இருந்தனர். நான் அமரவில்லை. நின்றபடியே, மேலே எழுதியிருப்பதை எதையும் குறைக்காமல் ஆங்கிலத்தில் சொன்னேன். வில்லியின் பெயரையும் சொன்னேன். இரயில் நிலையத்தையும் சொன்னேன். அதற்கு இந்த விடயத்தில் தேவையில்லை, ஆனாலும் சொன்னேன்.

“அவர் மறுக்கவில்லை,” என்று முடித்தேன். “அவர் போகவே விரும்புகிறார். நீங்கள் கேட்பதை நிறுத்தினால் போவார்.”

முதலில் பேசியவர் சுகந்தி. தமிழில் பேசினார்.

“ஐயோ கடவுளே. சேர், எங்கட அப்பா வாவியில வலை போட்டவர். அவர் வெளிக்கிடக்குள்ள அம்மா வாயே திறக்கமாட்டா. நானா இந்த வாயால கேட்டன்?” கண்கள் நிரம்பிவிட்டன. “பிரெஞ்சில கேட்டா அது கேட்டதாவே தெரியல்ல எனக்கு. மறதி வந்த ஆக்களிட்ட இடமும் கிழமையும் கேட்டுக்கொண்டே இருக்கோணும், அப்பதான் நினைவு நிக்கும் எண்டு வகுப்பில சொல்லித் தந்தவங்க. போன சனிக்கிழமைதான் இந்த மாடிக்கு என்னை மாத்தினது. அதுக்கு முன்ன அவர் ஒழுங்காப் போய் வந்தவர்.”

ஐலீன் எழுந்து வந்து என் எதிரே நின்றார். உயரமான பெண். “புதன்கிழமையே உங்களுக்கு இது தெரியுமா?”

“தெரியும்.”

“நான் அவருக்குப் பிரியாவிடை சொல்லத் தொடங்கிவிட்டேன். நேற்று முழுவதும் அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன்.”

தலை குனிந்தேன். என் வாழ்நாளில் அதிகம் செய்யாத காரியம் அது.

கதவருகே அவர் திரும்பினார். “அப்பா அந்தக் கரையில் பிறந்தவர்தான். நீங்கள் அங்கே போவதற்கு ஓரிரு ஆண்டு முன்பே இங்கு வந்துவிட்டார். ஒரு தமக்கை கடிதம் எழுதிக்கொண்டிருந்தார். ஒரு தம்பி கடலோடு போனதாகச் சொல்வார். அதற்கு மேல் எதுவும் சொல்லமாட்டார்.”

நான் பெயர்களைக் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம். ஐலீன் ஒரு கணம் காத்தும் நின்றார்.

ஒன்பது மணிக்கு வாகனம் வந்தது. அலெக் மேலங்கியும் தொப்பியும் அணிந்து, மூக்கில் குழாயோடு ஆயத்தமாக இருந்தார். ஒரு மிடறு தண்ணீர் குடித்தார். கதிரையை உருட்டினார். சுகந்தி உதடுகளை உள்ளே மடித்துக்கொண்டு பின்னால் நடந்தார். கதவு நிலை வந்தது. ஒரு சாண் தூரம். கதிரை நிற்கவில்லை.

நடைகூடம் முழுவதும் முன்னரே சொல்லி வைத்திருந்தார்கள். தாதிகள் சுவரோடு ஒதுங்கி நின்றனர். துப்புரவுப் பணியாளர் துடைப்பத்தை நெஞ்சோடு அணைத்து நின்றார். சக்கரங்கள் தரையில் உரசும் ஒலி மட்டும். யாரோ ஒருவரை இறுதியாக எடுத்துச் செல்வது போன்ற அமைதி. ஆனால் நாங்கள் ஒருவரை எதிர்த்திசையில் எடுத்துச் சென்றுகொண்டிருந்தோம்.

லிஃப்ட் கீழே திறந்தது. வாசல் மேசையில், அன்று காலைதான் பணிக்கு வந்திருந்த வரவேற்பாளர் நிமிர்ந்தார். அவருக்கு எவரும் சொல்லியிருக்கவில்லை. “போன்ஜூர், மிஸ்யூ அலெக்! இன்று எங்கே...” என்று பிரெஞ்சில் தொடங்கினார்.

என் கைத்தடியால் அந்த மேசையை ஓங்கி அடித்தேன். “வாயை மூடும்!” என்று கத்தினேன். தமிழில் கத்தினேன். முப்பது ஆண்டு கல்லூரியில் கற்பித்தபோது ஒருமுறையும் நான் குரல் உயர்த்தியதில்லை. அந்தப் பெண் வெளிறிப்போனார். பேனா ஒன்று உருண்டு தரையில் விழுந்தது. காத்திருந்தவர்கள் எல்லாரும் என்னைப் பார்த்தனர்.

அலெக் பார்க்கவில்லை. தானியங்கிக் கதவு விலகியது. பனி கலந்த காற்றுக்குள் அவர் தாமே உருட்டிச் சென்றார்.

கதிரை

அன்று மாலை மூச்சு சீரானது என்று சுகந்தி அறிவித்தார். மேப்பிள் இலைகள் சிவக்கும் காலம் வரை அலெக் இருந்தார்.

திங்கள், புதன், வெள்ளி காலைகளில் நான் அங்கே சென்றேன். ஐலீன் தடுக்கவில்லை, வரவேற்கவும் இல்லை. அலெக் சுகந்தியிடம் டோரிக்கில் பேசுவார். பிரெஞ்சுத் தாதிகளிடமும் சன்னலுக்கு வரும் புறாக்களிடமும் டோரிக்கில் பேசுவார். நான் உள்ளே தலையை நீட்டினால் பேச்சு நடுச்சொல்லில் நிற்கும். “உங்களுக்கு இங்கே வசதியாக இருக்கிறதென்று நம்புகிறேன், ஐயா.” வேறு எவரிடமும் அவர் ஆங்கிலம் பேசியதில்லை. பக்கவாதத்தில் இப்படி நேர்வதுண்டா என்று டொக்டரிடம் கேட்டேன். அவர் தோள்களை உயர்த்தினார். தமக்கையின் கடிதங்களில் என் பெயர் இருந்திருக்கலாம். இருந்திருக்க வேண்டும் என்றே கொள்கிறேன்.

ஆகவே நான் அறைக்கு வெளியே, நடைகூடச் சுவரோரம் நிற்கப் பழகினேன். மொன்றியலில் அந்த மொழி விளங்கிய ஒரே மனிதன், கதவுக்கு வெளியே நின்று அதைக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

சில வாரங்களில் ஒன்றைக் கவனித்தேன். அவர் தமக்குத் தாமே பேசவில்லை. கட்டிலின் எதிரே விருந்தினர்க்கென ஒரே ஒரு மரக் கதிரை இருந்தது. அதனிடம் பேசினார். ஒரு வாக்கியம் சொல்வார். பிறகு இடைவெளி. அந்த இடைவெளிகள் ஒரே அளவில் இருப்பதில்லை. சில, ஓர் ‘ஆம்’ அளவு. சில, ஒரு நீண்ட கதை அளவு. அக்கதையின் நடுவில் அவர் சரியான இடங்களில் “அப்படியா” என்பார். சரியான இடத்தில் சிரிப்பார். எதிர்ப்பக்கத்துப் பேச்சு எதுவாக இருக்கும் என்பதை, அவருடைய விடைகளைக் கொண்டு என்னால் ஊகிக்க முடிந்தது. சில நாட்களில் ஊகிக்காமலிருக்கவும் முயன்றேன்.

புரட்டாதி மாதத்து ஒரு காலை. அலெக்கின் குரல் மிகவும் இறங்கியிருந்தது. “ஆம், வில்லி,” என்றார். இடைவெளி. “கதவருகேதான் நிற்கிறார். வரும் நாளெல்லாம் அங்கேதான்.” மிக நீண்ட இடைவெளி. சுகந்தி அப்போது நீர்க்குவளையோடு என்னைத் தாண்டி உள்ளே போனவர், வாசலிலேயே நின்றுவிட்டார். அவரும் அந்த இடைவெளி முடியக் காத்திருந்தார் என்று நினைக்கிறேன்.

பிறகு அலெக் ஆங்கிலத்தில், உரத்து, “உள்ளே வந்து உட்காரச் சொல்கிறான், ஐயா,” என்றார்.

அறையில் இருந்தது அந்த ஒரு கதிரை மட்டுமே.

சுகந்தி என் முகத்தைப் பார்த்தார். “சேர், வேணாம் எண்டா நான் வேற கதிரை எடுத்து வாறன்,” என்றார் மெல்ல.

“தேவையில்லை,” என்றேன். உள்ளே சென்றேன். உட்கார்ந்தேன்.

அலெக் என் பக்கம் திரும்பினார். அந்த வெளிர்நீலக் கண்கள் என் மீது நிலைத்தன. ஆனால் அவை என் வெண்தலையையோ கழுத்துப்பட்டியையோ கண்டதாகத் தெரியவில்லை. அவர் டோரிக்கில் பேசத் தொடங்கினார். அறுபது ஆண்டுகளின் பின் ஒருவர் என் முகத்தைப் பார்த்து அம்மொழியில் பேசினார். என் பெயரைச் சொல்லவில்லை. வில்லி என்றே அழைத்தார். நான் மறுக்கவில்லை. படகு எப்படி இருக்கிறது என்றார். நன்றாக இருக்கிறது என்றேன். தமக்கையைப் பற்றிக் கேட்டார். நலமே என்றேன்.

பிறகு சற்றுக் குனிந்து, பிறர் கேட்கலாகாத குரலில், தண்ணீர் மிகவும் குளிராக இருந்ததா என்று கேட்டார்.

நான் அவருக்கு விடை சொன்னேன்.